கள்ளப் பிரதியும் அடியார் உரிமையும்



தூத்துக்குடியில் ஒரு நாள் மஃரிப் தொழுகை முடிந்து ஜனங்கள் கலைந்து போன பிறகும் ஒரு வாலிபர் தூண் ஓரத்தில் உட்கார்ந்தே இருந்தார். ஏதோ கேட்க வந்திருக்கிறார், கேட்கத் தயங்குகிறார் என்பது முகத்திலேயே தெரிந்தது. அருகில் அழைத்து விசாரித்தோம். பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் சிறு கடை வைத்திருப்பவர். ஜெராக்ஸ், பாஸ்போர்ட் போட்டோ, விண்ணப்பம் நிரப்புதல் ஆகியவை பகல் வேலை. சாயங்காலமானால் பையன்கள் கூட்டம். பென்டிரைவும் ஹார்டு டிஸ்க்கும் கொண்டு வருவார்கள். புதிதாக வந்த வீடியோ கேமைப் பூட்டு உடைத்த பிரதியாக ஏற்றிக் கொடுப்பார். ஓர் ஆட்டத்துக்கு முப்பது ரூபாய், ஐம்பது ரூபாய். பழைய பிளேஸ்டேஷன் பெட்டிகளுக்குக் கள்ள டிஸ்க் ஓடுவதற்காக ‘சிப்’ போட்டுக் கொடுத்த காலமும் உண்டு. இப்படிப் பல வருஷம் சேர்த்த பணத்தில் தம் உம்மாவை உம்ராவுக்கு அனுப்ப நிய்யத்து வைத்தார்.

“பணத்தை உம்மா கையில் கொடுத்தேன் ஆலிம்சா. எண்ணிக்கூடப் பார்க்கவில்லை. ‘வாப்பா, இது எந்த வழியில் வந்த காசு?’ என்று கேட்டார்கள். கம்ப்யூட்டரில் விளையாட்டு ஏற்றிக் கொடுத்த காசு என்றேன். ‘அந்த விளையாட்டு யாருடையது?’ என்றார்கள். எனக்குப் பதில் வரவில்லை. ‘ஆலிம்சாகிட்டே கேட்டுட்டு வா, அதுவரை இது அலமாரியிலேயே இருக்கட்டும்’ என்று சொல்லிவிட்டார்கள்.”

அவருடைய கண்கள் கலங்கியிருந்தன. படிப்பறிவு அதிகமில்லாத அந்தத் தாய் கேட்ட கேள்வி எவ்வளவு பெரியது! அந்த விளையாட்டு யாருடையது? வியாபாரத்தில் ஹலால் ஹராம் பேசும் நம்மில் எத்தனை பேர் இந்தக் கேள்வியைக் கேட்டிருக்கிறோம்?

நாம் உடனே பதில் சொல்லவில்லை. ஒரு வாரம் தவணை கேட்டோம். அன்றிரவு வீடு திரும்பியதும் முதற் காரியமாக, இந்தக் கட்டுரைகளை எழுதும் கம்ப்யூட்டரையே திறந்து பார்த்தோம். அதில் மகன் விளையாடும் ஆட்டம் ஒன்று இருந்தது. “இது காசு கொடுத்து வாங்கியதா?” என்று கேட்டோம். “எல்லாரும் இப்படித்தான் வாப்பா” என்றான். எந்தக் கேள்விக்குப் பதில் தேடி வீடு வந்தோமோ அது நம் வீட்டு மேஜையிலேயே உட்கார்ந்திருந்தது. ஆகவே, பிறருக்கு உபதேசிக்கும் தோரணையில் இதை எழுதவில்லை. நம்மையும் சேர்த்தே பேசுகிறோம்.

நேற்று வந்த பழக்கமல்ல

மகனைக் கடிந்துகொள்ள வாயெடுத்தபோது பழைய ஞாபகம் ஒன்று குறுக்கே வந்தது. டேப்ரிக்கார்டர் வீடுகளுக்கு வந்த காலம். இசைமுரசு நாகூர் ஹனீபா அவர்களின் பாடல் கேஸட்டு ஒரு வீட்டில் இருந்தால் போதும். வெற்றுக் கேஸட்டு வாங்கிக்கொண்டு போய்ப் பதிந்து வந்துவிடுவோம். மார்க்கச் சொற்பொழிவுகளையும் அப்படித்தான் பதிந்தோம். “தீனுடைய விஷயம்தானே, இதிலென்ன தவறு?” என்று நாமே நமக்குத் தீர்ப்பும் சொல்லிக்கொண்டோம். பாடியவர் யார், பதிவு செய்தவர் யார், அவர்கள் வீட்டு அடுப்பு எப்படி எரிகிறது என்று எண்ணிப் பார்க்கவில்லை.

வீடியோ கேமின் கதையும் இதே வழியில் வந்ததுதான். 1983-ல் ஜப்பானில் நின்டெண்டோ நிறுவனம் ஃபேமிகாம் என்ற பெட்டியை வெளியிட்டது. அதைப் பார்த்துச் செய்த நகல் பெட்டிகள் உலகெங்கும் பரவின. நம் ஊர்க் கடைகளுக்கும் வந்தன. ஒரே கேஸட்டில் நூற்றுக்கணக்கான ஆட்டங்கள் என்று அட்டையில் போட்டிருப்பார்கள். காயல்பட்டினத்து மக்கள் கொழும்புக்கும் ஹாங்காங்குக்கும் வியாபாரத்துக்குச் சென்று வருபவர்கள். அந்த ஹாங்காங்கின் ஷாம் ஷுய் போ பகுதி 1980-களில் கள்ளப் பிரதிகளுக்குப் பேர்போன இடமாக இருந்தது. சென்னையிலோ, பர்மாவிலிருந்து திரும்பிய தமிழர்களின் பிழைப்புக்காக 1969-ல் ஏற்பட்ட பர்மா பஜார், பிற்காலத்தில் சி.டி., டி.வி.டி. பிரதிகளுக்குப் பெயர் பெற்றது. பிறகு இன்டர்நெட் வந்தது. கடைக்குப் போக வேண்டிய அவசியமும் போயிற்று. ‘கிராக்’ செய்த ஆட்டம் வீட்டுக்கே இறங்கி வருகிறது. செல்போன் ஆட்டங்களிலும் காசு கட்டினால் கிடைக்கும் பகுதிகளைத் திருத்திய பிரதி மூலம் இலவசமாக அனுபவிக்கிறார்கள்.

இத்தனை காலப் பழக்கத்தால் இது களவு என்ற உணர்வே நம்மைவிட்டு நீங்கிவிட்டது. எல்லோரும் செய்வது என்பது மார்க்கத்தில் ஆதாரம் ஆகாது. பாவம் என்பது எது என வினவப்பட்டபோது, எது உள்ளத்தில் உறுத்துகிறதோ, எதை ஜனங்கள் அறிவதை நீர் வெறுப்பீரோ அதுவே என்ற கருத்துப்பட நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் கூறியதாக முஸ்லிம் ஷரீபில் வருகிறது. ஒரு தாய் கேட்டதும் மகனுக்குப் பதில் வரவில்லையே, அதுதான் அந்த உறுத்தல்.

“பொருள் எங்கும் போகவில்லையே!”

இங்கே நம் பிள்ளைகள் கெட்டிக்காரத்தனமாக ஒரு வாதம் செய்வார்கள். ஒருவனுடைய சைக்கிளை நாம் எடுத்தால் அவனுக்குச் சைக்கிள் இல்லை. ஓர் ஆட்டத்தைப் பிரதி எடுத்தால் அசல் அவனிடமே இருக்கிறது. எதுவும் குறையவில்லை. பின் எப்படிக் களவாகும்?

இதை அலட்சியமாகத் தள்ளிவிடக் கூடாது. கைவெட்டு என்னும் தண்டனைக்குரிய திருட்டோடு இதைச் சேர்த்துப் பேசுவதும் சரியல்ல. அதற்குரிய நிபந்தனைகள் வேறு. ஆனால், பிறர் உரிமையை அபகரிப்பது என்பது பொருளைத் தூக்கிக்கொண்டு ஓடுவது மட்டும்தானா?

நம் கடலோர ஊர்களில் பெரும்பாலோர் பின்பற்றும் ஷாஃபிஈ மத்ஹபின் ஃபிக்ஹு நூல்களைப் பார்ப்போம். ஒரு பொருள் மட்டுமல்ல, அதிலிருந்து கிடைக்கும் பயன்பாடும் ‘மால்’, அதாவது சொத்து என்றே இமாம்கள் கணக்கிட்டார்கள். ஒருவன் இன்னொருவனின் வீட்டில் உரிமையில்லாமல் ஒரு மாதம் குடியிருந்துவிட்டு வெளியேறுகிறான். ஒரு செங்கல்லைக்கூடப் பெயர்த்துக்கொண்டு போகவில்லை. சுவர் அப்படியே நிற்கிறது. ஆயினும் அந்த ஒரு மாத வாடகைக்கு அவன் பொறுப்பாளி என்பதே நம் மத்ஹபின் தீர்ப்பு. வீடு குறையவில்லை என்ற வாதம் அங்கே செல்லாது. பயன்பாடு அபகரிக்கப்பட்டிருக்கிறது.

ஷுஐபு (அலை) அவர்கள் மத்யன் வாசிகளுக்குச் செய்த உபதேசத்தைத் திருமறையின் ஏழாவது அத்தியாயம் எடுத்துச் சொல்கிறது. அளவையும் நிறுவையையும் பூரணமாக்கும்படி ஏவியதோடு அவர்கள் நிற்கவில்லை. மனிதர்களுக்குச் சேர வேண்டிய எதையும் குறைத்துவிடாதீர்கள் என்ற பொதுவான தடையையும் விதித்தார்கள். உழைப்பும் அதற்குள் அடங்கும். உழைப்பின் விலையும் அடங்கும். பரஸ்பரப் பொருத்தத்துடன் நடக்கும் வியாபாரத்தைத் தவிர வேறு வழியில் ஒருவர் பொருளை ஒருவர் உண்ண வேண்டாம் என்று நான்காவது அத்தியாயம் கட்டளையிடுகிறது. ஆட்டத்தை உருவாக்கியவனின் பொருத்தம் விலையோடு சேர்ந்திருக்கிறது. அவன் பூட்டுப் போட்டிருப்பதே, விலை கொடுக்காமல் எடுக்க எனக்குப் பொருத்தமில்லை என்று சொல்வதற்குத்தான். பூட்டை உடைத்துவிட்டுப் பொருத்தம் இருக்கிறது என்று எப்படிச் சொல்ல முடியும்?

உலமாக்கள் என்ன சொன்னார்கள்?

அறிவையும் எழுத்தையும் விற்கலாமா என்பதில் முன்னோர்களிடையே கருத்து வேறுபாடு இருந்ததை மறைக்கக் கூடாது. கையால் தொட்டு வைத்துக்கொள்ளக் கூடியதே சொத்து என்ற ஹனஃபீ மத்ஹபின் பழைய வரையறையை வைத்து, பதிப்புரிமையை விற்பதை ஏற்காத பெரிய உலமாக்கள் இந்தியத் துணைக்கண்டத்தில் இருந்தார்கள். கல்வியை மறைப்பது பாவம் என்பதையும் அவர்கள் எடுத்துக் காட்டினார்கள். இமாம் ஷாஃபிஈ (ரஹ்) அவர்கள், தம் பெயர்கூடச் சேராமல் ஜனங்கள் தம் கல்வியைப் பெற்றுக்கொண்டால் போதும் என்று விரும்பியதையும் நாம் அறிவோம். ஆனால், அது கொடுத்தவர் மனமுவந்து கொடுத்தது. கொடுப்பது கொடுப்பவரின் உரிமை; எடுப்பவரின் உரிமை அல்ல. மேலும், தொழுகையின் ஷர்த்துகளைக் கற்பதும் கார் பந்தய ஆட்டம் ஆடுவதும் ஒன்றாகிவிடுமா?

ஜித்தாவைத் தலைமையிடமாகக் கொண்ட சர்வதேச இஸ்லாமிய ஃபிக்ஹு அகாடமி, 1988 டிசம்பரில் குவைத்தில் கூடிய தனது ஐந்தாவது அமர்வில் இதை ஆராய்ந்தது. வியாபாரப் பெயர், வியாபாரச் சின்னம், நூலாசிரியர் உரிமை, கண்டுபிடிப்பு ஆகியவை அவற்றுக்குரியவர்களின் சொந்த உரிமைகள். இக்காலத்தில் அவற்றுக்குப் பண மதிப்பு ஏற்பட்டுவிட்டது. ஷரீஅத் அதை அங்கீகரிக்கிறது. அவற்றில் அத்துமீறுவது கூடாது என்று தீர்மானித்தது. இன்றைய உலமாக்களில் மிகப் பலர் இக்கருத்திலேயே இருக்கிறார்கள்.

நாட்டுச் சட்டமும் இதைத் தடுக்கிறது. நம் நாட்டின் 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்துக்குள் கம்ப்யூட்டர் புரோகிராம்கள் 1984-ல் கொண்டுவரப்பட்டன. கள்ளப் பிரதி என்று தெரிந்தே அதைக் கம்ப்யூட்டரில் பயன்படுத்துவோருக்கு ஏழு நாள் முதல் மூன்று வருஷம் வரை சிறையும், 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் 1994-ஆம் ஆண்டுத் திருத்தம் விதித்தது. லாபத்துக்காகச் செய்யாதவருக்குச் சிறையைத் தவிர்க்க நீதிபதிக்கு இடமும் கொடுத்தது. போலீஸ் வருகிறதா என்று பார்த்து நடப்பவன் முஃமின் அல்ல. இதை அறியத்தான் சொன்னோம்.

கயிறு பிடித்தவனுக்கும் பங்கு உண்டு

நம் கடற்கரைக்கு முத்துக்குளித்துறை என்று பெயர். 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில் இப்பக்கம் வந்த மார்க்கோ போலோ காயல் துறைமுகத்தைப் பற்றியும் முத்துக்குளிப்பைப் பற்றியும் எழுதி வைத்திருக்கிறார். கிடைத்த முத்தில் பத்தில் ஒரு பங்கு அரசனுக்கு. சுறாக்களை மந்திரத்தால் கட்டுவதாகச் சொன்னவர்களுக்கு இருபதில் ஒரு பங்கு என்று அவர் கணக்குச் சொல்கிறார். வெள்ளைக்காரர் ஆட்சியில் அரசாங்கத்துக்கு மூன்றில் இரண்டு, குளித்தவர்களுக்கு மூன்றில் ஒன்று என்ற பங்கு இருந்தது. கல்லைக் காலில் கட்டி, மூச்சை அடக்கிக் கடலடிக்கு இறங்கியவன் ஒருவன். மேலே தோணியில் கயிற்றைப் பிடித்துக்கொண்டு, சைகை கிடைத்ததும் இழுத்தவன் இன்னொருவன். கயிறு பிடித்தவன் தண்ணீரில் நனையவேயில்லை. அதற்காக அவன் கூலி மறுக்கப்படவில்லை. 1961-ல் நடந்த குளிப்புக்குப் பிறகு அந்தத் தொழில் நின்றுபோனது. ஆனால் அந்தப் பங்கு முறை சொல்லும் நியாயம் நிற்கவில்லை.

தோணி கரைக்கு வரும் முன்பே நடுக்கடலில் சிப்பியைத் திறந்து முத்தை ஒளித்துக்கொள்வதைத் தடுக்கக் காவல் போடுவார்கள். ஒரு சிறு முத்து, வாய்க்குள் அடங்கிவிடும். யாருக்கும் தெரியாது. எனினும் அது எல்லோருடைய பங்கிலிருந்தும் எடுத்தது. கள்ளப் பிரதியும் அப்படிப்பட்டதே. ஓர் ஆட்டத்துக்குப் படம் வரைந்தவன், கணக்கு எழுதியவன், இசை அமைத்தவன், பிழை பார்த்தவன் என்று எத்தனையோ பேர் மூச்சடக்கி இறங்கியிருக்கிறார்கள். நம் கண்ணுக்கு அவர்கள் தெரிவதில்லை. கடலுக்கு அடியில் இருப்பவன் கரையில் நிற்பவனுக்குத் தெரிவானா?

“அந்தக் காலத்தில் புலவர்கள் இப்படியா காசு கேட்டார்கள்?” என்று சிலர் கேட்கலாம். எட்டயபுரத்தில் அடங்கியிருக்கும் உமறுப்புலவர் சீறாப்புராணம் பாடினார். அவரைக் கீழக்கரை வள்ளல் சீதக்காதி ஆதரித்தார். பிறகு பரங்கிப்பேட்டை அபுல் காசிம் மரைக்காயர் ஆதரித்தார். காவியம் பாடிய புலவருக்கும் சோறு வேண்டியிருந்தது, வள்ளல்கள் கொடுத்தார்கள். இன்று அப்படி ஒரு வள்ளல் ஒரே ஆளாக வந்து கொடுப்பதில்லை. அசல் பிரதியை வாங்கும் ஆயிரம் பேர் ஆளுக்குக் கொஞ்சமாகக் கொடுக்கிறார்கள். விலை கொடுப்பவன் ஒவ்வொருவனும் ஒரு சிறு சீதக்காதி. விலை கொடுக்காமல் எடுப்பவன், வள்ளல் வீட்டுப் பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டுப் புலவரின் இலையையும் இழுத்துக்கொள்பவன்.

2013 ஏப்ரலில் நடந்த ஒரு சம்பவத்தைக் கேளுங்கள். இரு சகோதரர்கள் நடத்திய கிரீன்ஹார்ட் கேம்ஸ் என்ற சிறு நிறுவனம் ‘கேம் டெவ் டைகூன்’ என்ற ஆட்டத்தை வெளியிட்டது. ஆடுபவர் வீடியோ கேம் கம்பெனி ஒன்றை நடத்தி வளர்க்க வேண்டும் என்பதே அந்த ஆட்டம். எப்படியும் கள்ளப் பிரதி வரும் என்று அறிந்த அவர்கள், தாங்களே ஒரு பூட்டு உடைத்த பிரதியைப் பரப்பினார்கள். அதில் மட்டும் ஒரு மாற்றம். ஆட்டத்துக்குள் கம்பெனி கொஞ்சம் வளர்ந்ததும், ஜனங்கள் காசு கொடுக்காமல் கள்ளப் பிரதி எடுப்பதால் விற்பனை விழுந்து, கம்பெனி திவாலாகிவிடும்! முதல் நாளில் 214 பேர் காசு கொடுத்து வாங்கியிருந்தார்கள். 3,104 பேர் பூட்டு உடைத்த பிரதியை ஆடினார்கள். கள்ளப் பிரதியில் ஆடிய சிலர், என் கம்பெனி நஷ்டமாகிறதே, இந்தத் திருட்டை எப்படித் தடுப்பது என்று வெளிப்படையாகவே முறையிட்டார்கள்.

சிரிப்பு வருகிறதல்லவா? ஆனால் சிரித்துவிட்டுப் போகக் கூடியதா இது? தனக்கு அளந்து வாங்கும்போது நிறைவாக வாங்கி, பிறருக்கு அளக்கும்போது குறைப்பவர்களுக்குக் கேடு என்று திருமறையின் 83-ஆவது அத்தியாயம் ஆரம்பமாகிறது. கற்பனையான தன் கம்பெனிக்கு நஷ்டம் என்றதும் துடித்தவன், நிஜமான இருவரின் உழைப்பைத் தின்றுகொண்டிருப்பதை உணரவில்லை. அந்த 83-ஆவது அத்தியாயத்துக்கு இதைவிடத் தெளிவான விளக்கம் வேண்டுமா?

“அவன் அந்நியன், பெரும் பணக்காரன்”

அடுத்து ஒரு வாதம் வரும். “நம்மைக் கொள்ளையடித்தவர்கள் அவர்கள். அவர்களுடைய கம்பெனி கோடிகளில் புரள்கிறது. நாம் எடுப்பதால் என்ன?”

பறங்கியர் நம் கடலில் செய்த அக்கிரமங்களை நாம் மறக்கவில்லை. தங்களுடைய அனுமதிச் சீட்டு இல்லாத மரக்கலங்களைப் பிடித்தார்கள். 1538-ல் வேதாளைக் கடற்கரையில் மரைக்காயர்களின் படையோடு போரிட்டார்கள். ஆங்கிலத்தில் கடற்கொள்ளைக்கு வழங்கும் ‘பைரஸி’ என்ற சொல்லைத்தான் இன்று கள்ளப் பிரதிக்கும் சொல்கிறார்கள். கொள்ளையின் வேதனையை அனுபவித்த பரம்பரை நாம். அதனாலேயே அதை நாம் செய்யலாமா?

கஹ்ஃபு அத்தியாயத்தை வெள்ளிக்கிழமைதோறும் ஓதுகிறோம். கிள்ரு (அலை) அவர்கள் ஏன் அந்த மரக்கலத்தை ஓட்டையிட்டார்கள்? கடலில் உழைத்துப் பிழைக்கும் ஏழைகளுக்கு அது சொந்தம். ஒவ்வொரு மரக்கலத்தையும் பறித்துக்கொள்ளும் ஓர் அரசன் முன்னால் இருந்தான் என்ற விவரம் அங்கே வருகிறது. அந்தச் சரித்திரத்தை ஓதும்போது நாம் மரக்காரன் பக்கம் நிற்கிறோம். ஓதி முடித்ததும் பறிக்கும் அரசன் பக்கம் போய்விடுகிறோமா?

ஒரு கூட்டத்தார் மீதுள்ள வெறுப்பு, நீதி தவறும்படி உங்களைத் தூண்டிவிட வேண்டாம் என்பது ஐந்தாவது அத்தியாயத்தின் கட்டளை. ஹிஜ்ரத்தின் இரவை நினைத்துப் பாருங்கள். வெளியே கொல்லக் காத்து நிற்கிறார்கள். உள்ளே அதே மக்காவாசிகளின் அமானிதப் பொருள்கள் இருக்கின்றன. அவற்றை உரியவர்களிடம் ஒப்படைக்க அலீ (ரலி) அவர்களை விட்டுவிட்டல்லவா நாயகம் (ஸல்) அவர்கள் புறப்பட்டார்கள்! முஙீரா இப்னு ஷுஃபா (ரலி) அவர்கள் இஸ்லாத்தைத் தழுவுமுன் தம் கூட்டாளிகளைக் கொன்று அவர்கள் பொருளோடு வந்தபோது, உமது இஸ்லாத்தை ஏற்கிறோம், அந்தப் பொருளில் நமக்குச் சம்பந்தமில்லை என்ற கருத்தில் அண்ணலார் கூறிவிட்டதாக புகாரியில் வருகிறது. காபிரின் பொருள்தானே என்று ஏற்றுக்கொள்ளப்படவில்லை.

எல்லா ஆட்டத்தையும் கோடீஸ்வரன் செய்வதுமில்லை. புனேயில் ஒரு சிறு குழு ‘ராஜி’ என்ற ஆட்டத்தை உருவாக்க 2017-ல் பொதுமக்களிடம் பணம் திரட்ட முயன்று தோற்றது. எப்படியோ சமாளித்து 2020-ல் வெளியிட்டது. நம் சமுதாயத்துப் பிள்ளைகளும் கம்ப்யூட்டர் படிக்கிறார்கள். நாளை நம் பிள்ளை ஓர் ஆட்டம் செய்தால், அதை ஊரெல்லாம் முப்பது ரூபாய்க்கு ஏற்றிக் கொடுத்தால், நாம் சும்மா இருப்போமா?

இல்லாதவன் என்ன செய்வான்?

விலை பெரிய பிரச்சினைதான். மூவாயிரம், நாலாயிரம் ரூபாய் விலை போட்டால் துறைமுகத்தில் கூலி வேலை செய்பவரின் பிள்ளை எப்படி வாங்குவான்? விற்பவர்களுக்கும் இதில் பொறுப்பு உண்டு. நாட்டுக்கு நாடு ஜனங்களின் சக்தியறிந்து விலை வைப்பவர்களிடம் கள்ளப் பிரதிக்குத் தேவையே குறைகிறது.

ஆனால் நிர்ப்பந்தம் தடுக்கப்பட்டதை ஆகுமாக்கும் என்ற சட்டத்தை இங்கே கொண்டுவர முடியாது. பசியால் சாகப் போகிறவனுக்குரிய சலுகை அது. ஆட்டம் ஆடாமல் யாரும் சாவதில்லை. உருவாக்கியவர்களே இலவசமாகக் கொடுக்கும் ஆட்டங்கள் ஏராளம். பண்டிகைக் காலங்களில் அவர்களே கால்விலைக்கும் கொடுக்கிறார்கள். ஒருவர் ஆடி முடித்த அசல் டிஸ்க்கை மற்றவர் வாங்கலாம். பொறுத்திருக்க ஒரு பிள்ளை பழகினால் அது பெரிய தர்பியத்து அல்லவா? ஆட்டத்துக்குள் ஆபாசமும் சூதும் இருக்கக் கூடாது, தொழுகை தவறக் கூடாது என்பவை வேறு விஷயங்கள். அவற்றை இன்னொரு சமயம் எழுதுவோம்.

இலவசம் என்பதும் பல நேரம் இலவசமல்ல. 2021-ல் ‘கிராக்கோனாஷ்’ என்ற நச்சு நிரலைக் கண்டுபிடித்தார்கள். பூட்டு உடைத்த ஆட்டங்களுக்குள் ஒளிந்திருந்து 2 லட்சத்து 22 ஆயிரம் கம்ப்யூட்டர்களுக்கு மேல் பரவி, அவற்றின் சக்தியைத் திருடித் தன் எஜமானனுக்கு 20 லட்சம் டாலர் சம்பாதித்துக் கொடுத்திருந்தது. திருடனிடம் வாங்கியவன் வீட்டில் திருடன் நுழைவதில் ஆச்சரியமில்லை.

இப்போது எங்கும் விற்கப்படாத பழைய ஆட்டங்களைப் பற்றியும் கேட்பார்கள். அமெரிக்காவில் வெளிவந்த பழைய ஆட்டங்களில் 87 சதவீதம் இன்று கடையில் கிடைப்பதில்லை என்று 2023-ல் ஓர் ஆய்வு சொன்னது. உரியவன் தெரியாத பொருளைக் கண்டெடுத்தவன் விளம்பரம் செய்ய வேண்டும், உரியவன் வந்தால் கொடுத்துவிட வேண்டும் என்ற ‘லுக்தா’ சட்டத்தை உலமாக்கள் இதற்கு ஒப்பிட்டு ஆராயலாம். அதை அவர்களிடம் விடுகிறோம். நம் பிள்ளைகள் ஏற்றுவது அத்தகையவற்றை அல்ல, நேற்று வெளிவந்தவற்றை.

தவ்பாவின் நான்காவது நிபந்தனை

அல்லாஹ்வுக்குச் செய்த குற்றத்துக்குத் தவ்பாவின் நிபந்தனை மூன்று: விட்டுவிடுதல், வருந்துதல், இனிச் செய்வதில்லை என்று உறுதி கொள்ளுதல். அடியார்களின் உரிமையாகிய ஹக்குல் இபாதில் நான்காவது ஒன்று சேர்கிறது: உரியவரிடம் உரிமையைச் சேர்த்துவிடுதல். மலைபோல் தொழுகையும் நோன்பும் கொண்டுவந்து, பிறர் பொருளைத் தின்ற காரணத்தால் அத்தனை நன்மையையும் அவர்களுக்குக் கொடுத்து முடிந்துபோகிறவனே உண்மையான திவாலாளி என்று நாயகம் (ஸல்) அவர்கள் எச்சரித்தார்கள். கைபர் யுத்தத்தில் பொதுப் பொருளிலிருந்து எடுத்த ஒரு போர்வை, எடுத்தவர் மீது நெருப்பாக எரிகிறது என்று அவர்கள் கூறியதும், ஒரு மனிதர் பதறிக்கொண்டு ஒரு செருப்பு வாரைக் கொண்டுவந்து வைத்தாரே! முப்பது ரூபாய் சின்னது என்று எண்ணுபவர்கள் அந்தச் செருப்பு வாரை நினைக்கட்டும்.

ஒரு வாரம் கழித்து அந்த வாலிபர் வந்தார். ஹராமான பணத்தில் செய்யும் ஹஜ்ஜால் கடமை நீங்கும், ஆனால் பாவமும் உண்டு என்பதே நம் இமாம்களின் கருத்து, இமாம் அஹ்மத் (ரஹ்) அவர்களோ கடமையே நீங்காது என்றார்கள் என்று விளக்கினோம். நீண்ட பிரயாணத்தால் தலைகலைந்து, புழுதி படிந்து, இரு கைகளையும் வானை நோக்கி உயர்த்துகிறான் ஒருவன். அவன் உணவும் உடையும் ஹராமாக இருக்கும்போது அவன் துஆ எப்படி ஏற்கப்படும் என்ற கருத்துள்ள ஹதீஸையும் சொன்னோம். அவர் தலை குனிந்தபடியே கேட்டார்: “அப்படியானால் உம்மாவிடம் என்ன சொல்ல ஆலிம்சா?”

“நோட்டுப் புத்தகம் ஒன்று எடுங்கள்” என்றோம். ஜெராக்ஸ், போட்டோ, விண்ணப்ப வேலையில் வந்தது தனி. அது அவருடைய சுத்தமான உழைப்பு. ஆட்டம் ஏற்றியதில் வந்தது தனி. எந்த ஆட்டங்கள் என்று நினைவில் இருப்பவற்றுக்கு, உரிமையாளரே வைத்த விலையில் அசல் பிரதிகளை வாங்கினால் காசு உரியவரிடம் போய்ச் சேரும். யாருடையது என்று அறிய முடியாத மீதியை, தனக்கு நன்மை நாடாமல், உரியவர்களின் சார்பாகப் பொதுநலனுக்குச் செலவிடலாம். ஜகாத் கொடுத்து அதைச் சுத்தப்படுத்திவிட முடியாது. இது ஃபத்வா அல்ல. அவரவர் நிலைமையை விவரமாகச் சொல்லி முஃப்திகளிடம் கேட்டுக்கொள்வதே முறை.

கணக்குப் பார்த்தபோது உம்ராவுக்கு வைத்த பணத்தில் பெரும்பகுதி அந்தப் பக்கம் போய்விட்டது. கடைக்கு வரும் பையன்களும் பாதியாகக் குறைந்துவிட்டார்களாம். ஆனால், அவர் உம்மா சொல்லி அனுப்பிய வார்த்தை நம்மை உலுக்கிவிட்டது: “ஜெராக்ஸ் காசு சேரட்டும் வாப்பா. அதுவரைக்கும் நான் மவுத்தாகிப் போனாலும் போகட்டும். நிய்யத்துக்கு அல்லாஹ் கூலி தருவான்.”

அந்தத் தாய் இன்னும் உம்ராவுக்குப் போகவில்லை. அவர்களுடைய அலமாரி மட்டும் சுத்தமாகிவிட்டது. நம் வீட்டுக் கம்ப்யூட்டரிலிருந்தும் அந்த ஆட்டத்தை அழித்தோம். மகனுக்கு முதல் இரண்டு நாள் முகம் வாடியிருந்தது. இருவரும் மாதாமாதம் கொஞ்சம் எடுத்து வைக்கிறோம். விலை குறையும்போது அசலை வாங்குவதாகப் பேச்சு. சகோதரர்களே, இதை வாசித்து முடித்ததும் எழுந்து போய் உங்கள் வீட்டு மேஜையையும் ஒருமுறை பாருங்கள். பிள்ளையை அடிக்க வேண்டாம். அந்தத் தாய் கேட்டதை மட்டும் கேளுங்கள்: இது யாருடையது?

யா அல்லாஹ்! எங்களுக்கு ஹலாலைப் போதுமானதாக்குவாயாக! பிறர் உரிமை எங்கள் கழுத்தில் இருக்கும் நிலையில் எங்களைக் கைப்பற்றாதே! எங்கள் பிள்ளைகளின் விளையாட்டையும் எங்கள் வியாபாரத்தையும் சுத்தமாக்குவாயாக! அந்தத் தாயின் நிய்யத்தை நிறைவேற்றி வைப்பாயாக! ஆமீன்.